ஸ்டாச்சு சேச்சியும் சாகாத தங்கையனும்

நெய்யாற்றின்கரை தாலுகாவில் இதுவரை பிறந்தவர்களிலும் இனிமேல் பிறக்கப்போகிறவர்களிலும், ஒரே காலைப்பொழுதில் எதிரும் புதிருமான இரண்டு கட்சிகளிடம் மாலை வாங்கிக்கொண்டு, அந்த மாலைகளோடு போலீஸ் ஜீப்பிலும் ஏறிய ஒரே ஆள் ஸ்டாச்சு சேச்சிதான். இதில் எனக்குச் சந்தேகமே கிடையாது. அன்றைக்கு நான் அங்கே இருந்தேன். பிளஸ் டூ டியூஷனுக்குப் போக பஸ் காத்து நின்றவள், பஸ்ஸை விட்டேன், டியூஷனை விட்டேன், போகப்போக டியூஷன் என்ற எண்ணத்தையே விட்டேன்.

நெய்யாற்றின்கரை பஸ் ஸ்டாண்டின் ஓரத்தில் விடிந்தபோது ஒரு சிலை முளைத்திருந்தது. வெள்ளைச் சாந்து பூசிய முகம், வெள்ளைச் சாந்து பூசிய கை, விறைத்த வெள்ளைப் புடவை. கை ஒன்று ஆகாயத்தைக் காட்டியது. கால்மாட்டில் கல்வெட்டு மாதிரி ஒரு பலகை. அதில் 'திறந்து வைத்தவர்:' என்று மட்டும் எழுதி, மீதியைக் காலியாக விட்டிருந்தது.

முதலில் வந்த கட்சிக்காரர்கள் சுற்றிச்சுற்றிப் பார்த்தார்கள். "யாருக்க செலையாக்கும் இது?" என்றார் ஒருவர். "தெரியல்ல. எதுக்கும் ஒரு மாலை கிடக்கட்டு," என்றார் மற்றவர். அரைமணி நேரத்தில் அடுத்த கட்சி வந்தது. "அவனுவ போட்டாச்சு. நாம போடாம இருந்தா மோசமாக்கும்." இரண்டாவது மாலையும் விழுந்தது. அதற்குப் பிறகுதான் காலியிடத்தில் யார் பெயரை எழுதுவது என்ற சண்டை. சட்டையைப் பிடித்தார்கள். போலீஸ் வந்தது. ஒரு காகம் சிலையின் தலையில் வந்து உட்கார்ந்து, செய்யக்கூடாததைச் செய்துவிட்டுப் போனபோது சிலை கண்ணைச் சிமிட்டியதைப் போலீஸ்காரர் ஒருவர் பார்த்துவிட்டார்.

"ஏய் ஸ்டாச்சு, பேரு பற," என்றார்.

சிலை பேசவில்லை. கையையும் இறக்கவில்லை. இரண்டு பேர் வாழைக்குலையைத் தூக்குவது மாதிரி அப்படியே தூக்கி ஜீப்பில் ஏற்றினார்கள். ஸ்டேஷனில் மூலையில் நிறுத்தியபோதும் கை ஆகாயத்தையே காட்டியதாம். சரியாகப் பன்னிரண்டு மணிக்கு அது கையை இறக்கி, "சார், குடிக்கக் கொறச்சு வெள்ளம் தருமோ?" என்று கேட்டதில் ஒரு கான்ஸ்டபிளின் சாயா கிளாஸ் உடைந்தது. அன்றோடு பழைய பெயர் போயிற்று. திருமுழுக்குப் பெயர் ஒன்று சபைப் பதிவேட்டில் தூங்குகிறது. ஸ்டாச்சு சேச்சி என்றால்தான் தபால்காரருக்கே தெரியும்.

வீட்டில் வந்து இதைச் சொன்னேன். அம்மா கறிக்குத் தேங்காய் அரைத்துக்கொண்டிருந்தாள். "அதுக்க பெரைப்பக்கம் போனேன்னு கேட்டா, காலை ஒடிச்சு அடுப்பில வைப்பேன்," என்றாள். மறுநாளே போனேன்.

சேச்சி இருந்தது ரப்பர் ஷீட்டுக்குப் புகைபோடுகிற ஒரு பழைய பெரையில், அதாவது கொட்டகையில். பாறசாலைக்கும் நெய்யாற்றின்கரைக்கும் நடுவில், எங்கள் முக்கிலிருந்து கூப்பிடு தூரம். பதினாலு வருஷம் ஒரு பள்ளிக்கூடத்தில் டிராயிங் டீச்சராக இருந்து ஆப்பிளும் தேசியக் கொடியும் வரையச் சொல்லிக்கொடுத்தவள், ஒருநாள் கரும்பலகையில் 'நான் வெளியே போகிறேன்' என்று எழுதி, நிஜமாகவே வெளியே போய்விட்டாள். அந்தப் பெரையில் எல்லாமே புகை மணக்கும். படங்கள் புகை மணக்கும், புடவை புகை மணக்கும், சாயாவும் புகை மணக்கும். முதல் தடவை குடித்துவிட்டு நான் முகத்தைச் சுளித்தேன். "கருவாடு மாதிரி இருக்கா? நாலு நாள் குடி, பிறகு மத்த சாயா எறங்காது," என்றாள். அது சரியாகத்தான் இருந்தது.

அவள் செய்ததையெல்லாம் எழுத இந்தப் பத்திரிகையின் முழு இதழும் போதாது. இரண்டை மட்டும் சொல்கிறேன்.

காஞ்சிரங்குளம் மீன் சந்தையில் ஒருநாள் பெட்டியோடு போய் உட்கார்ந்தாள். பெட்டிக்கு மேலே வாழையிலை. வருகிறவர்கள் இலையைத் தூக்கினால் உள்ளே மீன் கிடையாது, ஒரு கண்ணாடி. விலை பேச வந்த முகம் தன்னையே பார்த்துக்கொள்ளும். தொழிலைக் கெடுக்கிறாள் என்று பக்கத்து மீன்காரி அடிக்க வருவாள் என்றுதான் நான் எதிர்பார்த்தேன். மத்தியானம் அந்த அம்மா கையைக் கழுவிக்கொண்டு வந்து, "எடி பெண்ணே, உனக்க பெட்டியப் பாத்துட்டு இங்க வாறவன் எவனும் வெலை பேசல்ல. சொன்னதத் தந்துட்டுப் போறான். நாளையும் வா," என்றாள்.

பெருங்கடவிளையில் செய்தது இன்னும் மோசம். கரண்டு வருவதும் போவதுமாக இருந்த மழைக்காலம். ரப்பர் மரத்தில் பால் எடுக்கக் கட்டுகிற சிரட்டையும் தகரமும் வாங்கி, ரோட்டோரத்து கரண்டு போஸ்டுகளில் ஒவ்வொன்றாகக் கட்டிவிட்டாள். லைன்மேன் வந்து கேட்டார், "என்ன சேச்சி இது?"

"வடியுதான்னு பாக்கேன்."

அவர் ஒவ்வொன்றாக அவிழ்த்துக்கொண்டே போனார். அதற்குள் விடிகாலையில் பால் எடுக்கப் போகிற ஒரு கிழவர், பழக்க தோஷத்தில் நாலைந்து போஸ்டு சிரட்டைகளில் எட்டிப் பார்த்துவிட்டு, 'இந்த வருசம் மகசூல் இல்லே' என்று முணுமுணுத்துக்கொண்டு போனதாகப் பேச்சு. பேச்சு மட்டும்தான், நான் பார்க்கவில்லை.

இப்படிப்பட்டவளுக்கு எங்கள் சபை ஒரு சுவரைக் கொடுத்தது என்றால் நம்புவீர்களா? கொடுத்தது.

வேதக்கோயில் காம்பவுண்டுச் சுவர் எங்கள் முக்கில் வளைந்து திரும்பும். பஸ் எல்லாம் அந்த வளைவில் மூச்சு வாங்கித்தான் போகும். பஸ்ஸில் இருக்கிறவர்கள் வேண்டுமோ வேண்டாமோ சுவரைப் பார்த்தே ஆகவேண்டும். அந்த இடத்துக்காக சேச்சி ஒரு வருஷம் பன்னிரண்டு படம் வரைந்தாள். மாசத்துக்கு ஒன்று மாட்டவேண்டும் என்பது திட்டம். பழைய கட்டில் விரிப்புகளை நாலாக ஒட்டுத்தைத்து, ஆள் உயரத்துக்கு இரண்டு மடங்கில், வீட்டுக்கு அடிக்கிற பெயிண்டில் வரைந்தது. ஆட்களின் படம் என்று மட்டும் எனக்குத் தெரியும். 'சுவரில ஏறாம ஒருத்தருக்கும் காட்டமாட்டேன்' என்று சுருட்டிச் சுருட்டிப் பரணில் வைத்திருந்தாள். கொச்சியிலிருந்து ஒரு ஆர்ட் கேலரிக்காரர் காரில் வந்து அந்தப் பன்னிரண்டையும் கேட்டார். "கொச்சியில இவங்கள யாருக்குத் தெரியும்? இது இந்த வளைவுக்கு வரைஞ்சதாக்கும்," என்று சொல்லி, புகை மணக்கிற சாயா கொடுத்து அனுப்பிவிட்டாள்.

சபைக் கமிட்டியின் செக்கரட்டரி எனக்குப் பெரியப்பா முறை. இஸ்திரி மடிப்புக் கலையாமல் தூங்கி எழுகிற மனிதர். ஆறு மாசம் யோசித்து ஒரு நிபந்தனையோடுதான் சம்மதித்தார். மினிட்ஸ் புத்தகத்தில் அவர் கையெழுத்திலேயே இருக்கிறது: சுவரில் படம் வைக்கலாம், ஒரே ஒரு பராதி எழுந்தாலும் படத்தை இறக்கி, சுவர் திரும்ப வெள்ளையடிக்கப்படும். பராதி என்றால் புகார்தான். போலீஸுக்குக் கொடுத்தால் புகார், சபைக்குக் கொடுத்தால் பராதி. ஒன்று வந்தால் போதும், ஒரு வருஷ உழைப்பும் பரணிலேயே புகை குடித்துக்கொண்டு கிடக்கவேண்டியதுதான்.

"ஒண்ணே ஒண்ணு, கேட்டியா?" என்று பெரியப்பா விரலைக் காட்டினார்.

"கேட்டேன் செக்கரட்டரி. எனக்கு எண்ணத் தெரியும்," என்றாள் சேச்சி.

இங்கே எங்கள் ஊர் வழக்கம் ஒன்றைச் சொல்லாமல் மேலே போக முடியாது. ஒருவர் மரித்தால், வீட்டில் அழுகை ஓய்வதற்குள் முக்கில் போர்டு வந்துவிடும். நீல ஆகாயம், உதிக்கிறதா மறைகிறதா என்று தெரியாத ஒரு சூரியன், இரண்டு புறா, ஓரம் முழுக்க ரோஜாப்பூ, நடுவில் ஆளின் படம், கீழே 'ஆதராஞ்சலிகள்'. தமிழ்க் குடும்பம் என்றால் கூடவே 'கண்ணீர் அஞ்சலி'யும் இருக்கும். எல்லையோரத்தில் சாகிறவனுக்கு இரண்டு பாஷையில் சாக வேண்டியிருக்கிறது. அந்தப் போர்டை யாரும் வாசிக்கமாட்டார்கள். பூ ஓரத்தைப் பார்த்தால் போதும், கை தானாக ரீத்து, அதாவது மலர்வளையம், வாங்கப் போய்விடும்.

சேச்சி தன் படங்களுக்கு எடுத்துக்கொண்டது அந்த அச்சைத்தான். அதே ஆகாயம், அதே சூரியன், அதே புறா, அதே ரோஜா. அஞ்சலி வருகிற இடத்தில் மட்டும் வேறு வார்த்தை.

முதல் படம் தங்கையன் மாமா. எண்பத்திரண்டு வயசு. எங்கள் முக்கில் சைக்கிளுக்கும் பைக்குக்கும் பஞ்சர் ஒட்டியே நாற்பது வருஷம் இருந்தவர். சம்சாரம் இல்லை, மகள் கல்ஃபில் நர்ஸ். முட்டுவலி வந்து இரண்டு வருஷமாக அவர் ரோட்டுக்கு வரவில்லை. வீடு முக்கிலிருந்து இருநூறு அடிதான். ஆனாலும் ரோட்டில் காணாத ஆள் செத்திருக்கக்கூடும் என்று நம்புவதில் எங்கள் யாருக்கும் ஒரு சிரமமும் இருக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை மாட்டுகிறேன் என்று சொல்லியிருந்த சேச்சி, மழை விட்டதே என்று வெள்ளிக்கிழமை விடியலிலேயே ஏணி வைத்து மாட்டிவிட்டாள். அது எனக்குத் தெரியாது. எம்.ஏ. முடித்துவிட்டு வேலைக்கு இன்டர்வியூ என்று திருவனந்தபுரத்துக்கு பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தேன். வளைவில் பஸ் மூச்சு வாங்கியது. சுவரைப் பார்த்தேன். ரோஜாப்பூ, புறா, தங்கையன் மாமாவின் சிரிப்பு. என் முதல் சைக்கிளுக்குக் காற்றடித்தவர் அவர். போனை எடுத்து ஒரு படம் பிடித்தேன். கீழ்ப்பாதியை யாரோ ஒருவரின் குடை மறைத்திருந்தது. குடையை வெட்டி எறிந்துவிட்டு, 'தங்கையன் மாமா. ஆதராஞ்சலிகள்' என்று எழுதி, எங்கள் முக்கு வாட்ஸாப் குரூப்பில் போட்டுவிட்டேன். எல்லாம் அடுத்த ஸ்டாப் வருவதற்குள்.

சேச்சியின் தப்பு ஒன்று உண்டு என்றால் அது இதுதான்: அவ்வளவு நன்றாக வரைந்திருக்கக்கூடாது. கையால் வரைந்தது என்று பஸ்ஸிலிருந்து தெரியவே இல்லை.

நெய்யாற்றின்கரை வருவதற்குள் குரூப் முழுக்க ரோஜாப்பூ. கண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. பஸ்ஸை விட்டு இறங்கினேன். இன்டர்வியூக்காரர்களுக்கு 'மாமா மரித்துவிட்டார், வர இயலாது' என்று மெயில் அனுப்பினேன். ரீத்து ஒன்று வாங்கிக்கொண்டு திரும்புகிற பஸ்ஸில் ஏறினேன். அம்மா போனில் வந்தாள்.

"எங்க நிக்க?"

"வாறேன் அம்மா. அடக்கம் எப்பளாம்?"

"தெரியல்ல. மணி அடிச்சாச்சு. பெரியப்பா கோயிலுக்க ரீத்து வாங்கப் போயாச்சு. உனக்குக் கறுப்பு சுடிதார் உண்டுல்லியா, அதப் போடு."

எங்கள் ஆட்களின் வேகத்தைக் குறை சொல்ல முடியாது. நான் வந்து இறங்கியபோது தங்கையன் மாமா வீட்டுக்கு வழிகாட்ட முக்கிலிருந்து கறுப்புக் கொடி கட்டியாகிவிட்டது. முற்றத்தில் தார்ப்பாய் இழுத்து, பிளாஸ்டிக் நாற்காலிகளை வரிசையாகப் போட்டிருந்தார்கள். சாயாக்கடையிலிருந்து அண்டாவில் சாயா வந்திருந்தது. எல்லாம் வெளியே, எல்லாம் ஓசைப்படாமல், மரியாதையாக. வீட்டுக்குள் எட்டிப் பார்க்க மட்டும் ஒருவருக்கும் தோன்றவில்லை.

சரியாக நான் படலைக் கதவைத் தாண்டும்போதுதான் உள்ளே இருந்து தங்கையன் மாமா கம்பை ஊன்றிக்கொண்டு வந்தார். தார்ப்பாயைப் பார்த்தார். நாற்காலிகளைப் பார்த்தார். சாயா அண்டாவைப் பார்த்து முகம் மலர்ந்தார்.

"யாருக்க வீட்டு விசேசம் மக்கா?" என்று என்னிடம் கேட்டார்.

ரீத்தை முதுகுக்குப் பின்னால் ஒளித்தேன். அந்த நேரம் பார்த்து ஒரு வண்டி பின்னோக்கி முற்றத்துக்குள் வந்து நின்றது. டிரைவர் இறங்கினான். கண்ணாடிப் பெட்டி, பிரீசர்.

"பாடி எங்க?" என்றான்.

தங்கையன் மாமா எல்லா முகத்தையும் ஒரு சுற்றுப் பார்த்தார். பஞ்சர் எங்கே என்று டியூபைத் தண்ணீரில் முக்கிப் பார்க்கிறவர் அல்லவா, கண்டுபிடித்துவிட்டார்.

"நானாக்கும்," என்றார். "கொண்டு வந்தது வந்தே. ரெண்டு கிலோ மத்தி வாங்கி வச்சுட்டுப் போலாமா?"

பிறகு நடந்ததை நான் சாகிறவரை மறக்கமாட்டேன். வருகிற ஒவ்வொருவரும் படலை வரை அழுத முகம். படலை தாண்டியதும் மாமாவைக் கண்டு ஒரு முகம். அதற்குப் பிறகு, எப்படியாவது இங்கிருந்து கிளம்பவேண்டும் என்கிற மூன்றாவது முகம். போதகர் பைபிளோடு வந்தார். 'மண்ணுக்கு மண்ணாக' என்று வாயில் வந்ததைப் பாதியில் திருப்பி, நீடித்த ஆயுசுக்கு ஜெபித்து, ஆமென் சொல்லும்போதே செருப்பை மாட்டிக்கொண்டிருந்தார். பெரியப்பா சட்டைப் பையில் இரங்கல் உரையோடு வந்தவர், அதை உள்ளே தள்ளித் தள்ளிப் பார்த்தார். காகிதம் எட்டிப் பார்த்துக்கொண்டே இருந்தது.

"வாலே செக்கரட்டரி, இரி, சாயா குடி," என்றார் மாமா.

"இல்ல அண்ணே, எனக்கொரு மீட்டிங் உண்டு."

எல்லோருக்கும் ஒரு மீட்டிங் இருந்தது. மத்தியானம் ஆனபோது முற்றத்தில் காலி நாற்காலிகளும் ரீத்துக் குவியலும் ஆறிப்போன அண்டாவும்தான். மாமா ஒவ்வொரு ரீத்திலும் இருந்த ரிப்பனை எடுத்து, கண்ணாடி போட்டுக்கொண்டு வாசித்தார். "இது பாரு, ஒரு சங்கத்துக்காரன். மூணு வருசம் முன்ன நான் அங்க போனப்ப இருக்க ஒரு நாற்காலி தரல்ல. இப்ப 'மறக்கமுடியாத சகோதரர்'னு போட்டிருக்கான்."

முற்றத்து ஓரத்தில் பலாமரத்தடியில் சேச்சி உட்கார்ந்திருந்தாள். மடியில் நோட்டு. மாமா வெளியே வந்ததிலிருந்தே வரைந்துகொண்டிருந்தாளாம், வந்தவர்களின் மூன்று மூன்று முகங்களை. சிரித்துக்கொண்டிருப்பாள் என்று நினைத்து அருகே போனேன். சிரிக்கவில்லை.

"சேச்சி, குரூப்பில போட்டது நானாக்கும்."

"தெரியும். உனக்க வேகம் எனக்குத் தெரியாதா?" நோட்டை மூடினாள். "ஏழு நாள் அண்ணன எதிரே இருத்தி வரைஞ்சேன் மக்கா. ஒரு நாள் கூட வாய் மூடல்ல. இந்த ஆளை நாலு பேரு வந்து பாக்கணும்னு தோணிச்சு. நான் வரைஞ்சது ஆளை. நீங்க பாத்தது ஓரத்துப் பூவை." பென்சிலைக் கொண்டையில் செருகிக்கொண்டு, "சுவரு போச்சு," என்றாள்.

வளைவில் போய் அந்தப் படத்தை முதல் தடவையாக முழுசாகப் பார்த்தேன். குடை மறைத்த இடத்தில், ஒரு எழுத்து ஒரு முழம் இருக்கும், மலையாளத்திலும் தமிழிலும் ஒரே வார்த்தை. 'உண்டு.' அதற்கும் கீழே, அடக்க நேரம் போடுகிற இடத்தில்: 'பார்க்கும் நேரம்: எந்த நேரமும்.'

வாசித்திருந்தால் ஒரு இன்டர்வியூ மிச்சம். அந்தக் கம்பெனிக்கு, மரித்த மாமா உயிரோடு இருக்கிறார் என்று எப்படி மெயில் எழுதுவது என்று எனக்கு இன்று வரை தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்ததும் ஹாலில் கமிட்டி கூடியது. கூடியது என்ன, ஊரே வந்திருந்தது. வெட்கப்பட்டவர்கள் எல்லோருக்கும் கோபப்பட ஒரு ஆள் வேண்டியிருந்தது. சேச்சி கடைசி பெஞ்சில், பரணிலிருந்த பதினொரு சுருளையும் கயிற்றால் கட்டிப் பக்கத்தில் வைத்துக்கொண்டு இருந்தாள். தீர்ப்பு வந்ததும் அப்படியே எடுத்துக்கொண்டு போகத் தயாராக வந்தவள் மாதிரி. நான் எழுந்து, தப்பு என்னுடையது, படத்தை வெட்டியது நான் என்று சொன்னேன். "நீ இரி பிள்ளே," என்று பத்துக் குரல் கேட்டது. இருந்தேன்.

பெரியப்பா மினிட்ஸ் புத்தகத்தைத் திறந்து நிபந்தனையை வாசித்தார். வெள்ளையடிக்கச் சுண்ணாம்புக்கு ஆள் சொல்லியாகிவிட்டது என்பதும் எங்களுக்குத் தெரியும். ஆனால் முறை என்று ஒன்று இருக்கிறதே. "இந்தப் படம் விசயமா, சம்பந்தப்பட்ட யாருக்காவது பராதி உண்டா?"

வாசலில் ஒரு ஆட்டோ வந்து நின்றது. கம்பு முதலில் இறங்கியது, பிறகு தங்கையன் மாமா. இரண்டு வருஷத்தில் அவர் ரோட்டுக்கு வந்தது அன்றுதான். வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை. மூச்சு வாங்கிக்கொண்டு நிலையைப் பிடித்து நின்றார்.

"உண்டு," என்றார். "பராதி உண்டு."

சேச்சி குனிந்து சுருள்களின் கயிற்றை இறுக்குவதைப் பார்த்தேன். பெரியப்பா பேனாவின் மூடியைக் கழற்றினார். "சொல்லணும் அண்ணே. அப்படியே எழுதிக்கிடுதேன்."

"எழுது. வெள்ளிக்கிழமை நீ எனக்க வீட்டுக்கு வந்தியா?"

"வந்தேன்."

"அந்த நேரத்துல உனக்கு மீட்டிங் ஒண்ணு உண்டும்னு பறஞ்சே. நான் செத்துக் கிடந்திருந்தா அந்த மீட்டிங்குக்குப் போயிருப்பியா?"

பெரியப்பா எழுதுவதை நிறுத்தினார்.

"கேக்கது புரியுதா? செத்திருந்தா எவ்வளவு நேரம் இருந்திருப்பே?"

"அடக்கம் முடியுற வரைக்கும்... ஒரு ரெண்டு மணிக்கூர்."

"ரெண்டு மணிக்கூர். எழுது." மாமா ஹாலை ஒரு சுற்றுப் பார்த்தார். "சாவுக்கு வந்தவனுக்கெல்லாம் ரெண்டு மணிக்கூர் நேரம் உண்டாயிருந்து. உசிரோட இருக்கேன்னு கண்டதும் ரெண்டு மினிட்டு இல்லே. சாயா கூட குடிக்கல்ல. ஒரு அண்டா சாயாவ நானும் அந்த ஸ்டாச்சும் குடிச்சுத் தீத்தோம். எனக்க பராதி அந்தப் படத்து மேல இல்ல. அதுல இருக்கது சத்தியமாக்கும். பராதி உங்க மேலயாக்கும். எனக்கு உள்ள ரெண்டு மணிக்கூரை எல்லாவனும் தரணும்."

பின்னால் ஒருவர் சிரிப்பை இருமலாக்கினார். பிறகு இன்னொரு இருமல்.

"அண்ணே," என்றார் பெரியப்பா, குரல் இறங்கி, "சட்டப்படி பராதின்னு வந்துட்டா சுவரை..."

"சுவருக்க மேல பராதி உண்டுன்னு நான் பறஞ்சேனா? நீ எழுதுனத வாசி."

பெரியப்பா வாசித்தார். சுவர் என்ற வார்த்தை அதில் இல்லை. நேர்மையான மனிதர், இல்லாததை வாசிக்க அவருக்குத் தெரியாது. போதகரைப் பார்த்தார். போதகர் தன் செருப்பைப் பார்த்தார். அன்றைக்கு எழுதிய தீர்மானம் இன்னும் அந்தப் புத்தகத்தில் இருக்கிறது: வெள்ளிக்கிழமை வந்துபோன எல்லோரும் தங்கையன் வீட்டில் ஆளுக்கு இரண்டு மணிக்கூர் இருந்து தீர்க்கவேண்டும், அது முடியும்வரை படம் சுவரில் இருக்கவேண்டும்.

கடைசி பெஞ்சில் சேச்சி கட்டை அவிழ்க்கத் தொடங்கினாள். நான் அவளை அழுது பார்த்தது அந்த ஒரு தடவைதான். "புகையாக்கும்," என்றாள், ஹாலில் புகையே இல்லாதபோது.

ஆளுக்கு இரண்டு மணிக்கூர் என்றால் எப்போது முடியும்? முடியவில்லை. மாமா பஞ்சர் கதை சொல்லத் தொடங்கினால் நாலு மணிக்கூர் ஆகும். மூன்று மாசம் அவர் சுவரில் இருந்தார், பிறகு 'மத்தவங்களும் ஏறட்டு' என்று அவரே இறக்கச் சொன்னார். பெரியப்பா இப்போதும் வியாழக்கிழமைதோறும் போகிறார். கேட்டால் 'தீர்மானப்படியாக்கும்' என்பார். தாயம் விளையாடித் தோற்றுவிட்டு வருகிறார் என்பது அம்மாவின் துப்பு. அடுத்தடுத்து மற்றப் படங்களும் ஏறின. கோர்ட் வாசலில் மனு எழுதிக்கொடுக்கிற அம்மா, பஸ்ஸில் பட்டாணி விற்கிற கண் தெரியாதவர். போர்டைக் கண்டால் எங்கள் முக்கில் இப்போது முதலில் கீழ் வரியைத்தான் வாசிக்கிறார்கள். நிஜமான சாவுக்குக்கூட ஒரு நிமிஷம் தாமதமாகத்தான் ரீத்து போகிறது. சிலர் தங்களையும் வரையச்சொல்லி ரகசியமாக வந்து கேட்கிறார்கள். பைக்கில் பறக்கிற ஒருவனிடம், "நீ உண்டுன்னு சைலன்ஸரே ஊருக்குச் சொல்லுதே, படம் என்னத்துக்கு?" என்று கேட்டுத் துரத்திவிட்டாள்.

நான் இப்போது பெங்களூரில் இருக்கிறேன். வேறு இன்டர்வியூ, வேறு வேலை. கிளம்புகிற அன்று பெரையில் புகை சாயா குடித்துக்கொண்டே கேட்டேன், "சேச்சி, பன்னிரண்டும் தீந்துபோவுது. உங்க படம் எப்பளாம்?"

"எனக்க மூஞ்சிய நானே வரையதுக்கா? வேலை இல்லே." கிளாஸைக் கழுவிக் கவிழ்த்தாள். "உனக்கு அவ்வளவு விசாரம் உண்டும்னா போன் விளி. சும்மா குரூப்பில போடாதே."

அதனால் ஞாயிற்றுக்கிழமை காலையில் விளிக்கிறேன். மூன்றாவது மணியில் எடுப்பாள். ஹலோ கிடையாது, நலமா கிடையாது. 'உண்டு' என்பாள். அதைக் கேட்ட பிறகுதான் நான் போய் அடுப்பில் சாயாவுக்குத் தண்ணீர் வைக்கிறேன்.